எழுத்துக்கூட்டல்

லங்கென்தால். ஜனவரி. செவ்வாய் இரவு ஏழரை.
பத்து வயதுப் பிள்ளைகளின் கதிரைகளில்
முழங்கால் நெஞ்சில் முட்ட
ஆறு தமிழ்ப் பெற்றோர்.
கரும்பலகையில் யாரோ அழிக்க மறந்த பின்னக் கணக்கு.

நான் மொழிபெயர்க்க வந்தவள்.
மணிக்கூலி. ரயில் காசு தனி.
கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது
என்று கையெழுத்து வைத்திருக்கிறேன்.
ஆஸ்பத்திரியில் புற்றுநோயைச் சொல்லியிருக்கிறேன்.
நீதிமன்றத்தில் மணமுறிவை.
ஒருமுறை சவப்பெட்டிக்காரனிடம்
விலை குறைத்தும் கேட்டிருக்கிறேன்.
குரல் பிசகியதில்லை.

ரீச்சர் ஏஷ்லிமான் படத்தை விரித்தாள்.
மூக்கு என்பது போல, முழங்கை என்பது போல
ஒவ்வொன்றாய்த் தொட்டுப் பெயர் சொன்னாள்.
நாலு நிமிடம்.
நான் சொன்னேன்:
"உடம்பைப் பற்றிப் படிப்பிக்கப் போகினமாம்."

இன்பமலர் என்னைப் பார்த்தாள்.
"இவ்வளவு நேரமும் அதையே சொன்னவ?"

சொல் தேடினேன்.
ஒன்று வாசலிலேயே நின்றது, தெருச்சண்டையில் எறிகிற கல்.
ஒன்று தொட்டிலுக்கு உரியது,
பல் முளைத்ததும் பிள்ளையிடமிருந்து பறித்துவிடுவோம்.
ஒன்று பழம்பாட்டில் கிடந்தது,
உரைகாரர் போர்த்த துணியை விலக்கவே
ஒரு பட்டப்படிப்பு வேண்டும்.
மற்றபடி அது, அங்கே, கீழே.
மறைவிடம் என்றும் சொல்வார்கள்.
எங்களுக்கு அது
விமானச் சத்தம் கேட்டால் ஓடிப்போய்க் குந்துகிற குழி.

"இதெல்லாம் வீட்டில சொல்லுற விசயம்தானே"
என்றார் சிவஞானசுந்தரம்.
இதை ஒரு சொல் குறையாமல் டொச்சில் சொன்னேன்.
"நல்லது. வீட்டில் யார் சொல்வது?" என்றாள் ரீச்சர்.
மனைவி கணவனைப் பார்த்தாள்.
கணவர் பின்னக் கணக்கைப் பார்த்தார்.
மூத்தவளுக்குப் போன ஆவணியில் சாமத்திய வீடு.
மண்டபம், மூன்று வகைப் பாயசம், வானத்தில் கமரா.
என்ன நடந்ததென்று
முன்னூறு பேருக்குத் தெரியும்.
அவள் மட்டும்
இரண்டு நாள் குளியலறையைப் பூட்டிக்கொண்டு
சாகப்போகிறேன் என்று நினைத்திருந்தாளாம்.
இதைச் சொன்னது தாய்தான்,
மேசையைப் பார்த்துக்கொண்டு,
யாருக்கும் அல்லாத ஒரு குரலில்.

பிறகு ரீச்சர் படத்தைச் சுருட்டி வைத்துவிட்டு
ஒரேயொரு வசனம் சொன்னாள்.
"பெயர் இல்லாத இடத்தில் ஏதாவது நடந்தால்
பிள்ளை அதை எப்படி வந்து சொல்லும்?"

அதை நான் முழுதாகச் சொன்னேன்.
பெயரையும் சொன்னேன்.
பிறப்புறுப்பு.
என் வாயில் அது
புதுச் செருப்புப் போலக் கடித்தது.

எனக்கும் ஒன்பது வயதில் ஒரு மத்தியானம் உண்டு.
அம்மா கிணற்றடியில்தான் நின்றாள்.
பத்தடி தூரம்.
கூட்டக்கூடாது என்பது விதி.
கூட்டவில்லை.

கடைசிக் கதிரையில் கேதாரநாதன்,
பால்கட்டித் தொழிற்சாலை, இரவு வேலை,
கண்கள் சிவந்திருந்தன.
மீக்ரோ ரசீதின் பின்பக்கத்தைத் தொடையில் விரித்தார்.
"தங்கச்சி, அந்தச் சொல்லு திருப்பிச் சொல்லுங்கோ.
எந்த 'ர'?"

"வல்லின 'ற'."

எழுதினார். நிறுத்தினார்.
"பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில வருமே,
அந்தப் பிறப்போ?"

"அதேதான்."

அகதி விண்ணப்பத்துக்கு அந்தப் பத்திரத்தை
மூன்று தரம் ஊரிலிருந்து எடுப்பித்தவராம் அவர்.
"அப்ப தெரிஞ்ச சொல்லுத்தான்" என்றார்.
யாரோ சிரித்தார்கள். இன்பமலராக இருக்கலாம்.
சிவஞானசுந்தரம் சிரிக்கவில்லை,
ஆனால் எழுந்து போகவும் இல்லை.

ஒன்பது ஐந்துக்குப் படிவம் நிரப்பினேன்.
பயண நேரம் நாற்பது நிமிடம்.
சிறப்புக் குறிப்பு: இல்லை.

வெளியே பனி, பழைய பனிமேல் விழுந்துகொண்டிருந்தது.
பஸ் தரிப்பில் கேதாரநாதன் தனியே.
பதினோரு வருடம் டொச்சோடு மல்லுக்கட்டிய உதடுகள்
மெல்ல அசைந்தன.
தமிழ் பாடமாக்கிக்கொண்டிருந்தார்.